விளக்கணைந்த ஊர்களில் முளைப்பவை

பட்டினப்பாலையில் ஒரு நாடு பாழாகிற காட்சி வருகிறது. கரிகாலனின் படை வந்து போன பிறகு பகைவரின் ஊர்களில் என்னென்ன நடக்கின்றன என்று கடியலூர் உருத்திரங்கண்ணனார் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு போகிறார். வயலும் குளமும் நீரற்று, எது வயல் எது குளம் என்று தெரியாமல் கலந்து கிடக்கின்றன. அங்கே கலைமான் பிணையோடு துள்ளித் திரிகிறது. திருவிழா நடந்த மன்றத்தில் நெருஞ்சியும் அறுகம்புல்லும் மண்டுகின்றன. நரி ஊளையிடுகிறது. கூகை அலறுகிறது.

மன்னனின் வீரத்தைப் புகழத்தான் புலவர் வந்தார். ஆனாலும் அவருக்கு வாய்த்தது செடிகொடி அறிந்தவரின் கண். ஆயிரம் பேர் மிதித்து இறுகிப்போன வெட்டவெளியில் கால்படுவது நின்றதும் முதலில் தலைகாட்டுவது எது? இன்றைக்கும் நெருஞ்சி, அறுகுதான். மதுரைக்காஞ்சியிலும் நெடுஞ்செழியனின் பகைவர் நாடு இப்படித்தான் காடாகிறது. சங்கப் பாட்டில் ஊர் காடாவது வெற்றிச் செய்தி. போனவர்களுக்கு அல்ல, போகச் செய்தவனுக்கு.

ஆளில்லாத ஊர்களைப் பற்றி இப்போது உலகெங்கும் வருகிற செய்திகளும் படங்களும் ஏறக்குறைய ஒரே தொனியில் இருக்கின்றன: மனிதன் போனான், இயற்கை திரும்பிவந்தது. சீனாவின் செஜியாங் கடலோரத் தீவொன்றில் ஹௌதோவான் என்ற மீனவ ஊர் இருக்கிறது. ஊர் காலியானதும் சுவர், கூரை, சன்னல் எல்லாவற்றையும் கொடி மூடிவிட்டது. இப்போது கட்டணம் செலுத்திப் பார்க்கலாம். படத்தில் அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தத் தொனியைக் கேட்கும்போது எனக்கு உருத்திரங்கண்ணனார் நினைவுக்கு வந்துவிடுகிறார். பச்சையைப் பார்க்கிற கண், போனவரைப் பார்ப்பதில்லை. வந்திருக்கும் பச்சை எது என்றும் உற்றுப் பார்ப்பதில்லை; சங்கப் புலவராவது செடியின் பெயரைச் சொன்னார்.

வட இந்தியாவிலும் தக்காணத்திலும் வருவாய்த்துறை ஆவணங்களில் ஆளில்லாத ஊருக்கு ஒரு பழைய பெயர் உண்டு: ‘பே-சிராக்’. விளக்கில்லாதது என்று பொருள். எல்லை இருக்கும், புல எண் இருக்கும், விளக்கு மட்டும் இருக்காது. இப்படி விளக்கணைந்த நிலம் எவ்வளவு? 1950-க்குப் பிறகு உலகம் முழுவதும் கைவிடப்பட்ட விளைநிலம் 40 கோடி ஹெக்டேர் வரை இருக்கலாம் என்று ஒரு மதிப்பீடு சொல்கிறது. இந்தியாவின் மொத்தப் பரப்பையே அது மிஞ்சுகிறது. காரணங்கள் இடத்துக்கு இடம் வேறு. சோவியத் ஒன்றியம் உடைந்தபோது கூட்டுப்பண்ணைகள் கலைந்து கஜகஸ்தானிலும் ரஷ்யாவிலும் கோதுமை வயல்கள் புல்வெளியாயின. பல்கேரியாவில் 1989-இல் ஏறக்குறைய 90 லட்சமாக இருந்த மக்கள்தொகை, 2021 கணக்கெடுப்பில் 65 லட்சமாகச் சுருங்கியது. வேறு இடங்களில் போர், பள்ளிக்கூடம், சம்பளம், வறண்ட கண்மாய்.

இந்தப் பரப்பெல்லாம் காடாகிவிட்டது என்று எண்ணிக்கொள்வதுதான் முதல் பிழை. ‘சயன்ஸ் அட்வான்சஸ்’ இதழில் 2022-இல் ஓர் ஆய்வு வந்தது. நான்கு கண்டங்களில் 11 இடங்களை எடுத்துக்கொண்டு, 1987 முதல் 2017 வரையிலான செயற்கைக்கோள் படங்களை ஆண்டு ஆண்டாகப் பார்த்தார்கள். கைவிடப்பட்ட வயல்கள் சராசரியாக 14 ஆண்டுகள்தான் கைவிடப்பட்ட நிலையில் இருந்தன. பிறகு யாரோ வந்து உழுதுவிட்டார்கள். விலை ஏறியது, மானியம் வந்தது, பேரன் திரும்பினான், அல்லது பெருநிறுவனம் வாங்கியது. 14 ஆண்டில் புதர் வரும், காடு வராது. தரிசு நிலம் கரியமில வாயுவை உறிஞ்சித் தரும் என்று கணக்குப் போடுகிறவர்கள், அது அப்படியே கிடக்கும் என்று யார் உறுதி கொடுத்தார்கள் எனக் கேட்டுக்கொள்வது நல்லது.

திரும்பிய இடங்களும் உண்டு, மறுக்க முடியாது. ஐரோப்பாவில் 2022 வாக்கில் ஓநாய்கள் 20,000-க்கும் மேல்; பழுப்புக் கரடிகள் பல மலைத்தொடர்களில் மீண்டும் பெருகியிருக்கின்றன. இடையர்கள் மலையை விட்டு இறங்கியது இதற்கு ஒரு காரணம், சட்டப் பாதுகாப்பு இன்னொரு காரணம். இரண்டில் எது பெரிது என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். செர்னோபில் எல்லோருக்கும் தெரிந்த கதை. அணு உலை வெடித்த 1986 ஏப்ரல் 26-க்குப் பிறகு அந்த ஆண்டே ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் வெளியேற்றப்பட்டார்கள். பெலாரஸ் பக்கத்து விலக்கு மண்டலத்தில் கடமானும் காட்டுப்பன்றியும் கதிர்வீச்சில்லாத சரணாலயங்களில் இருக்கும் அளவுக்கே இருக்கின்றன, ஓநாய் ஏழு மடங்கு இருக்கிறது என்று 2015-இல் ஓர் ஆய்வு சொன்னது. ஆனால் செர்னோபில் பகுதியில் பறவைகளையும் பூச்சிகளையும் எண்ணிய ஆந்தர்ஸ் மோலரும் திமோத்தி மூசோவும் கதிர்வீச்சு கூடிய இடங்களில் அவை குறைந்திருப்பதாகத் தொடர்ந்து எழுதிவருகிறார்கள். ஓநாயைப் பார்த்தவருக்கு ஒரு செர்னோபில், பட்டாம்பூச்சியைப் பார்த்தவருக்கு வேறொரு செர்னோபில்.

மண்ணுக்கு நினைவு உண்டு என்பதைக் கவிதையாக மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டாம். அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்தில் சீடர் கிரீக் என்ற ஆய்வு நிலையம் இருக்கிறது. வெவ்வேறு ஆண்டுகளில் உழவு நின்ற வயல்களை அங்கே பல பத்தாண்டுகளாகப் பார்த்துக் குறித்துவருகிறார்கள். 2019-இல் வந்த முடிவு: உழவு நின்று 91 ஆண்டுகள் ஆன பின்னும், ஒருபோதும் உழப்படாத புல்வெளியில் இருக்கும் செடிவகைகளில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்குதான் திரும்பியிருந்தது. நிலத்தின் விளைவளமோ பாதியைச் சற்றே தாண்டியிருந்தது. பிரான்ஸில் லொரேன் பகுதிக் காடு ஒன்றுக்குள் ரோமானியர் காலத்துப் பண்ணைகள் புதைந்து கிடக்கின்றன. விட்டுப்போய் 1,500 ஆண்டுகளுக்கு மேல் ஆகின்றன. ஆனாலும் பண்ணை இருந்த இடத்து மண்ணில் பாஸ்பரஸ் கூடுதல், அங்கே முளைக்கிற செடிகளும் வேறு என்று 2002-இல் காட்டினார்கள். இது நமக்குப் புதிதல்ல. மேய்ச்சல் வெளியிலோ கண்மாய்க் கரையிலோ மண் நிறம் மாறி, பானை ஓடு சிதறிக் கிடக்கும் திட்டைக் கண்டால் ‘நத்தமேடு’ என்று சொல்லிவிடுகிறார்கள் நம் ஊர்க்காரர்கள். தொல்லியல் துறை வருவதற்கு முன்பே அந்தப் பெயர் வந்துவிட்டது.

ஊர் என்பது இயற்கைக்கு எதிர்ச்சொல் என்று வைத்துக்கொண்டு தொடங்கினால், இந்தக் கேள்வியில் வெகுதூரம் போக முடியாது. இதை மிகத் தெளிவாகக் காட்டுகிற நாடு ஜப்பான்.

அங்கே மலையடிவாரத்து ஊர்நிலத்துக்கு ‘சதோயாமா’ என்று பெயர். வயல், வாய்க்கால், குளம், விறகுக்கும் தழைக்கும் வெட்டி வெட்டி மீண்டும் துளிர்க்க விட்ட தோப்பு, ஆண்டுக்கொருமுறை அறுக்கும் புல்மேடு: இவை எல்லாம் சேர்ந்ததுதான் சதோயாமா. நூற்றாண்டுகளாக இந்த வேலையை நம்பி வாழப் பழகிய உயிர்கள் நிறைய. மின்மினி, தவளை, ‘மெதாகா’ என்கிற சின்னஞ்சிறு வயல்மீன், புல்வெளிப் பட்டாம்பூச்சி. இப்போது அந்த ஊர்களில் இளையவர் இல்லை. பாதிக்கும் மேற்பட்டவர் 65 வயதைத் தாண்டிய ஊருக்கு ‘கெங்காய் ஷூராக்கு’, விளிம்பில் நிற்கும் ஊர் என்று பெயர் வைத்தவர் சமூகவியலாளர் அகிரா ஓனோ. 2015 கணக்கில் கைவிடப்பட்ட விளைநிலம் 4.23 லட்சம் ஹெக்டேர். 2023 கணக்கில் நாடு முழுவதும் காலி வீடுகள் 90 லட்சம். இயற்கைக்குக் கொண்டாட்டமாக இருக்க வேண்டுமல்லவா? 158 இடங்களில் பறவை, பட்டாம்பூச்சி, மின்மினி, தவளை, செடி என்று எண்ணிப் பார்த்த ஓர் ஆய்வு 2025-இல் வெளியானது. மக்கள் கூடுகிற இடத்திலும் உயிர்வகைகள் குறைகின்றன, மக்கள் குறைகிற இடத்திலும் குறைகின்றன என்றது. மக்கள்தொகை ஏறாமல் இறங்காமல் நிலையாக இருக்கும் இடங்கள்தான் ஓரளவு தாக்குப்பிடிக்கின்றன. வெட்டாத தோப்பில் மூங்கில் அடைத்துக்கொண்டு கீழே வெளிச்சம் விழாமல் போகிறது. தண்ணீர் கட்டாத வயலில் தவளைக்கு முட்டையிட இடமில்லை. வேறு சில வயல்கள் மீது சூரியத்தகடு ஏறிவிடுகிறது, அல்லது வீட்டுமனை ஏறிவிடுகிறது. ஆள் போன நிலத்தை எல்லாம் காட்டுக்கு விட்டுக்கொடுத்துவிடும் நாடு எதுவும் இல்லை.

ஜப்பானில் 1971-இல் இயற்கைச் சூழலிலிருந்து முற்றிலும் மறைந்துபோன பெருநாரை ஒன்று உண்டு. 2005-இல் ஹியோகோ மாகாணத்தில் தொயோவோகா என்ற ஊரில் அதைத் திரும்பப் பறக்கவிட்டார்கள். அதற்குச் செய்த ஏற்பாடு ஊரைக் காலிசெய்வதல்ல. உழவர்களை உழச் சொன்னார்கள்: பூச்சிமருந்தைக் கைவிட்டு அல்லது குறைத்து, தவளைக்குஞ்சு கால் முளைக்கும்வரை வயலில் தண்ணீரை நிறுத்தி, குளிர்காலத்திலும் நீர் கட்டி. அந்த நெல்லுக்கு நாரையின் பெயர் வைத்துக் கூடுதல் விலைக்கு விற்கிறார்கள். நாரை திரும்பியது, உழவர் இருந்ததால்.

ஆள் இல்லாத அடிவாரத்துக்குத் தானாக வந்தது வேறு விலங்கு. பறிக்க ஆளில்லாத சீமைப்பனிச்சைப் பழம் மரத்திலேயே பழுத்துக் கிடக்கிறது. அதைத் தேடிக் கரடி இறங்குகிறது. ஊருக்கும் காட்டுக்கும் நடுவில் இருந்த வயல்தான் இரண்டுக்கும் எல்லையாக இருந்தது. அது போனதும் கரடிக்கு எது ஊர் என்றே தெரியவில்லை. 2023-இல் 200-க்கும் மேற்பட்டோரைக் கரடிகள் தாக்கின. 2025-இல் பத்துப் பேருக்கு மேல் இறந்தார்கள். அகிதா மாகாணத்தில் பொறி வைக்க உதவிக்கு ராணுவத்தையே அழைத்தார்கள்.

நம் நாட்டில் இதே கதையை உத்தரகண்டில் பார்க்கலாம். ஆனால் அங்கே கதை தலைகீழாகவும் ஓடுகிறது. ‘பலாயன்’ என்பது அந்த மலைகளில் தினசரிப் பேச்சில் புழங்கும் சொல். ஊரை விட்டுப் போதல். காலியான ஊர்களைப் பேய் ஊர் என்றே சொல்லிவிடுகிறார்கள். 2001-க்கும் 2011-க்கும் நடுவில் பௌரி, அல்மோரா இரண்டு மாவட்டங்களில் மக்கள்தொகையே குறைந்தது. மாநில அரசு 2017-இல் இதற்கென ஓர் ஆணையம் அமைத்தது. 2011-க்குப் பிறகு மட்டும் 734 ஊர்கள் ஆளில்லாமல் போயின என்று 2018-இல் அது அறிக்கை தந்தது. போனவர்களில் பாதிப்பேர் சொன்ன காரணம் வேலை. அதற்கடுத்துப் பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி. காட்டுவிலங்கு பயிரை விடுவதில்லை என்று சொன்னவர்கள் நூற்றுக்கு ஐந்தாறு பேர்.

அந்த ஐந்தாறு பேரைச் சிறியதாக நினைக்கக்கூடாது என்பது என் கருத்து. மலைச்சரிவில் படிப்படியாக வெட்டிய வயல்கள் ஒன்றையொன்று தாங்கி நிற்பவை. நாலு வீட்டுக்காரர் டேராடூனுக்கோ டெல்லிக்கோ போய்விட்டால் அவர்களுடைய படிகளில் உன்னிச்செடி ஏறுகிறது. அதற்குள் பன்றி தங்குகிறது, பின்னாலேயே சிறுத்தையும். ஐந்தாம் வீட்டுக்காரர் விதைத்ததை இரவோடிரவாகப் பன்றி கிண்டிவிடுகிறது. பகலில் குரங்கு. புல்லறுக்கப் போகும் பெண்ணுக்குச் சிறுத்தை பயம். அவரும் கிளம்பும்போது காரணம் கேட்டால் ‘வேலை’ என்றுதான் சொல்வார். இங்கே இயற்கை, காலியான இடத்துக்கு மெல்ல வந்து சேரும் விருந்தாளி அல்ல; மிச்சமிருப்பவரை வெளியே தள்ளுவதில் அதற்கும் பங்கு உண்டு. வருவதும் பழைய பாஞ்ச் ஓக் காடு அல்ல. அதிகம் வருவது சீர் பைன். அதன் ஊசியிலைச் சருகுக்கு அங்கே ‘பிரூல்’ என்று பெயர். முன்பு பெண்கள் வாரிக்கொண்டு போய் மாட்டுக்குப் படுக்கை போட்டார்கள். இப்போது மாடும் இல்லை, வாருகிறவரும் இல்லை. கோடையில் ஒரு பொறி போதும்.

தீ என்றதும் ஐபீரியத் தீபகற்பத்துக்குப் போகாமல் முடியாது. ஸ்பெயினின் உள்நாடு காலியானதைப் பற்றி செர்ஹியோ தெல் மோலினோ 2016-இல் எழுதிய புத்தகம் ‘காலி ஸ்பெயின்’ என்ற சொல்லைப் பரப்பியது. 2019 மார்ச்சில் அந்த ஊர்க்காரர்கள் மத்ரித் தெருக்களில் ஊர்வலம் போனபோது அந்தச் சொல்லைத் திருத்தினார்கள்: காலியானது அல்ல, காலியாக்கப்பட்டது. ரயிலை நிறுத்தியது யார், மருத்துவரை எடுத்தது யார் என்ற கேள்வி அந்த ஓர் அசைக்குள் இருக்கிறது. ஆடு மேய்ந்த சரிவுகளில் இப்போது புதர், புதருக்கு மேல் இளங்காடு, இடைவெளியே இல்லாமல் மைல்கணக்கில். போர்ச்சுகலின் பெத்ரோகாவ் கிராந்தேயில் 2017 ஜூனில் 66 பேர் வெந்து இறந்தார்கள். 2025 கோடையில் ஸ்பெயினில் மூன்றரை லட்சம் ஹெக்டேருக்கு மேல் எரிந்தது. கட்டலோனியாவில் இப்போது தீப்பிடிக்கும் சரிவுகளில் ஆடு மேய்க்க இடையர்களைத் தேடிப்பிடித்துக் கொண்டுவருகிறார்கள். திட்டத்தின் பெயரே ‘தீ மந்தை’.

வெப்பமும் இதில் சேர்ந்திருக்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். எல்லாப் பழியையும் ஆடு இல்லாத சரிவின் மேல் போட்டுவிட முடியாது.

இராமநாதபுரம் பக்கம் பேருந்தில் போனவர்களுக்கு நம் ஊரில் திரும்பிவரும் இயற்கை எது என்று விளக்க வேண்டியதில்லை. சன்னலுக்கு வெளியே மணிக்கணக்கில் ஒரே மரம். சீமைக்கருவேலம். வேலிக்காத்தான் என்றும் சொல்வார்கள். வேலியைக் காத்ததோடு நில்லாமல் வேலிக்குள்ளும் புகுந்துவிட்டது. மெக்சிகோவும் தென்னமெரிக்காவும் தாய்நாடு. இந்தியாவுக்கு வந்தது 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில். இரண்டு மூன்று ஆண்டு மழை பொய்த்து ஒருவர் திருப்பூருக்கோ சென்னைக்கோ போனால், திரும்பிவரும்போது வயல் முள்காடாக இருக்கும். ஆடு காயைத் தின்று விதையைப் பரப்பும். வெட்டினால் தூரிலிருந்து மறுபடி கிளைக்கும். 2017-இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அகற்றச் சொல்லி உத்தரவிட்டது. 2022-இல் தமிழ்நாடு அரசு அயல் ஆக்கிரமிப்புத் தாவரங்களுக்கென ஒரு கொள்கையே வெளியிட்டது. மரம் இன்னும் நிற்கிறது. அதைத் திட்டும்போது ஒன்றை மறக்கக்கூடாது: விளைச்சல் இல்லாத ஆண்டுகளில் இந்த மாவட்டங்களுக்குக் கஞ்சி ஊற்றியது கரிமூட்டம்தான். ஊரைக் காலியாக விடாமல் கொஞ்சம் பேரைப் பிடித்து வைத்ததும் அதே முள்தான்.

இதே மண்ணில் இன்னொரு இயற்கையும் உண்டு. சித்திரங்குடி, காஞ்சிரங்குளம், சிவகங்கைப் பக்கம் வேட்டங்குடி: மூன்றும் பறவைச் சரணாலயங்கள், மூன்றும் கண்மாய்கள். முதல் இரண்டும் 2022-இல் ஈரநிலங்களுக்கான ராம்சர் பட்டியலில் சேர்ந்தன. அவற்றில் ஒரு சொட்டுத் தண்ணீரும் தானாக வந்து நின்றதில்லை. யாரோ கரை போட்டார்கள், வரத்துக்காலைத் தூர் வாரினார்கள், மடையைத் திறந்து மூடினார்கள், கலுங்கைக் கட்டினார்கள். கண்மாய்க்குள் நிற்கும் நாட்டுக்கருவேலத்தில் சாம்பல் நாரையும் நத்தைகுத்தி நாரையும் கூடு கட்டுகின்றன. நத்தைகுத்திக்கு நத்தை வேண்டும், நத்தைக்கு நெல்வயல் வேண்டும். வேட்டங்குடியை ஒட்டிய கொள்ளுக்குடிப்பட்டியில் தீபாவளிக்கு வெடி வெடிப்பதில்லை, பறவை பயந்துவிடும் என்று. அந்த ஊர் காலியாகிறது என்று வைத்துக்கொள்வோம். வெடிச்சத்தம் அறவே இருக்காது. சில ஆண்டில் வரத்துக்கால் அடைபடும், கண்மாய்க்குள் சீமைக்கருவேலம் இறங்கும், நாரை வேறு ஊர் பார்க்கும். அதற்குப் பதில் மயிலும் காட்டுப்பன்றியும் வரும். அதுவும் இயற்கைதான். அதைத் ‘திரும்புதல்’ என்று சொல்ல எனக்கு நா வரவில்லை. அது முன்பு அங்கே இருந்ததே இல்லை.

தெற்கே காலியான ஊர்கள் முற்றிலும் காலி அல்ல என்பது ஒரு வினோதம். குலதெய்வம் அங்கேயே இருக்கும். சாமியைப் பெயர்த்துக்கொண்டு போக மனம் வராது. ஆண்டுக்கொருமுறை வேன் பிடித்து வருவார்கள், அரிவாளால் பாதை வெட்டுவார்கள், பொங்கல் வைப்பார்கள், மாலையில் கிளம்பிவிடுவார்கள். உத்தரகண்டிலும் ஊர்த்தெய்வத்துக்காக இப்படித் திரும்புகிறவர்கள் உண்டு. விளக்கில்லா ஊர் என்று ஆவணம் சொல்லும் இடத்தில் ஒரு நாள் மட்டும் விளக்கு எரிகிறது.

இதுவரை சொன்ன ஊர்களில் பெரும்பாலானவை, காரணம் எதுவானாலும், ஆட்கள் தாமாகப் பெட்டி கட்டிப் போன ஊர்கள். துரத்தப்பட்டவர்களின் ஊரில் காடு வளர்ந்தால் என்ன ஆகும்? இலங்கையின் வடக்கில் இந்தக் கேள்வி நீதிமன்றம்வரை போயிருக்கிறது. யாழ்ப்பாணத்து வலிகாமம் வடக்கில் 1990-இல் மக்கள் இடம்பெயர்ந்தார்கள். ஊர்கள் உயர் பாதுகாப்பு வலயமாயின. நிலம் துண்டுதுண்டாக விடப்பட்டபோது திரும்பியவர்கள் முதலில் தேடியது கத்தியும் கோடரியும். செம்மண் தோட்டக்காணி முழுக்கப் பற்றை. எல்லைவேலி எது, கிணறு எது என்று அறியவே நாள் பிடித்தது. ஆயினும் அங்கே பற்றையைக் காடு என்று யாரும் உரிமை கொண்டாடவில்லை. நிலத்தைப் பிடித்து வைத்திருந்தது மரமல்ல, ராணுவம்.

மன்னார் மாவட்டத்தின் தெற்கே, முசலியில், கதை சிக்கலானது. 1990 அக்டோபரில் விடுதலைப் புலிகள் வடமாகாண முஸ்லிம்கள் ஏறக்குறைய 75,000 பேரை வெளியேற்றினார்கள். பெரும்பாலோர் புத்தளத்தில் தங்கினார்கள். மரிச்சுக்கட்டி, கரடிக்குளி, பாலைக்குளி போன்ற முசலி ஊர்கள் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஆளில்லாமல் கிடந்தன. வில்பத்து தேசியப் பூங்காவின் வடக்கு எல்லையை ஒட்டிய பகுதி அது. விதைக்குப் பஞ்சமில்லை, யானைக்கும் பஞ்சமில்லை. 2009-இல் போர் முடிந்து அவர்கள் திரும்பத் தொடங்கியபோது ஊர் இருந்த இடத்தில் காடு நின்றது. 2012 அக்டோபரில் வனத்துறை அந்தப் பகுதிகளைக் காப்புக்காடாக வர்த்தமானியில் அறிவித்தது. 2015 வாக்கில் தென்னிலங்கை ஊடகங்களில் இது ‘வில்பத்துக் காடழிப்பு’ என்ற பெயரில் பெரும் கூச்சலாயிற்று. திரும்பிவந்தவர்கள் பழைய காணி உறுதியையும் அனுமதிப்பத்திரத்தையும் கிணற்றையும் காட்டினார்கள். 2017 மார்ச்சில் அன்றைய ஜனாதிபதி ரஷ்யப் பயணத்தில் இருந்தபடியே கையெழுத்திட்டு, வில்பத்துக்கு வடக்கே இருந்த காடுகளைச் சேர்த்து 40,000 ஹெக்டேர் அளவில் ‘மாவில்லு பேணற்காடு’ என்று அறிவித்தார். முசலி மக்கள் போராட்டத்தில் உட்கார்ந்தார்கள். 2020 நவம்பரில் மேன்முறையீட்டு நீதிமன்றம், கல்லாறு காப்புக்காட்டில் மீள்குடியேற்றத்துக்கென மரம் வெட்டியது சட்டவிரோதம் என்றும், அந்த அளவு மரத்தை முன்னாள் அமைச்சர் ஒருவர் தன் செலவில் மீண்டும் நட வேண்டும் என்றும் தீர்ப்பளித்தது.

இதில் ஒரே பக்கம் சாய்ந்து எழுத முடியாது. மீள்குடியேற்றத்தின் பெயரில் ஊருக்கு வெளியே இருந்த காடும் வெட்டப்பட்டது என்ற குற்றச்சாட்டை நீதிமன்றம் காது கொடுத்துக் கேட்டது. யானைகளின் வழி துண்டுபட்டால் இழப்பு உண்மையானது. ஆனால் காட்டின் வயதைக் கேட்டவர்கள், அந்த வயது ஏன் 1990-இல் தொடங்குகிறது என்று கேட்கவில்லை. இருபது ஆண்டு அகதி வாழ்வின் அளவுதான் அந்த மரங்களின் அளவு. ஒருவரைத் துரத்திவிட்டு, அவர் இல்லாத காலத்தில் வளர்ந்ததைக் காட்டியே அவரை வராதே என்று சொல்ல முடியுமானால், கரிகாலன் காலத்துக்கும் நம் காலத்துக்கும் இடையில் மாறியிருப்பது சொல் ஒன்றுதான். அன்றைக்கு அது வீரம், இன்றைக்குப் பேணல்.

இந்த வழக்கை இன்னும் பின்னுக்கு இழுக்கலாம். வெள்ளையர் வந்த பிறகு அமெரிக்கக் கண்டங்களில் நோயாலும் கொடுமையாலும் கோடிக்கணக்கானவர் இறந்து, விட்டுப்போன 5.6 கோடி ஹெக்டேர் அளவு நிலம் காடானது என்று 2019-இல் ஒரு கணக்கு வந்தது. உலகமே சற்றுக் குளிர்ந்ததில் அதற்கும் பங்கு உண்டு என்பது வாதம், மறுப்பவர்களும் உண்டு. அவ்வளவு தூரம்கூடப் போக வேண்டாம். வில்பத்துக் காடே என்ன? 13-ஆம் நூற்றாண்டில் இராசரட்டை நாகரிகம் சரிந்து, மக்கள் தெற்கும் மேற்குமாக நகர்ந்தார்கள். ஆயிரக்கணக்கான குளங்கள் உடைந்தன. இலங்கையின் உலர்வலயத்தில் இன்று நிற்கும் காட்டில் பெரும்பகுதி அந்த வயல்களின் மேலும் ஊர்களின் மேலும் எழுந்த மறுவளர்ச்சி. வில்பத்துக்குள் நடப்பவர்கள் காலில் செங்கல் இடறுகிறது, கருங்கல் தூண் தட்டுப்படுகிறது. உடைந்த குளக்கட்டு நீளமாக ஓடுகிறது. அதன்மேல் பாலையும் வீரையும் முதிர்ந்து நிற்கின்றன. கட்டின் ஓரமாக ஒரு புளியமரம் நின்றால், பக்கத்தில் வீடு இருந்திருக்கும் என்று காடு தெரிந்தவர்கள் சொல்வார்கள். அந்த வீட்டிலிருந்து போனவர் யார், எந்தப் பக்கம் போனார், திரும்பிவர நினைத்தாரா என்பது எந்த வர்த்தமானியிலும் இல்லை.